ஒரு நம்பர், ஒரு ஆள்

பழைய மென்பொருளுக்கு வெள்ளிக்கிழமை மாலையோடு ஆயுள் முடிகிறது என்று கண் ஆஸ்பத்திரியின் எல்லா மாடிகளிலும் அறிவிப்பு ஒட்டியிருந்தது. ஒட்டியவர் பெட்டிக்காரர். கம்ப்யூட்டர் என்றால் ஒரு பெரிய பெட்டி என்றிருந்த காலத்தில் வேலைக்குச் சேர்ந்தவர் என்பதால் அவருக்கு அந்தப் பெயர். பெட்டி இளைத்துத் தகடாகிவிட்டது, பெயர் இளைக்கவில்லை.

யாருக்கு என்ன வயது, எந்தக் கண்ணில் என்ன கோளாறு, ஆபரேஷன் ஆயிற்றா இல்லையா என்பதெல்லாம் பதினெட்டு வருடமாகப் பழையதற்குள்தான் போய் விழுந்தது. மென்பொருள் கம்பெனிக்காரர்கள் செய்தது. இந்த ஆஸ்பத்திரிக்குத் தகுந்தபடி வெட்டித் தைத்தவர் பெட்டிக்காரர். கறுப்புத் திரை, பச்சை எழுத்து. கவுண்டரில் இருப்பவர்கள் திரையைப் பார்க்காமலே தட்டிக்கொண்டு, எதிரில் நிற்கிற நோயாளியோடு ஊர்க்கதை பேசுவார்கள். அதே கம்பெனியின் புதிய பதிப்பு வெள்ளைவெளேரென்று இருந்தது. எங்கே தட்டுவது என்று தேடுவதற்குள் எதிரே வரிசை வாசலைத் தாண்டிவிடும். "கண்ணு ஆஸ்பத்திரியில வேலை பார்த்து நம்ம கண்ணு போகப்போகுது" என்று மூன்றாம் கவுண்டர்காரர் திங்கட்கிழமை முழுக்கப் புலம்பினார். செவ்வாய்க்கிழமை பாதியாகப் புலம்பினார். புதன்கிழமை அவருக்கே பழகிவிட்டது. மனிதர்கள் அப்படித்தான்.

பெட்டிக்காரருக்குப் பழையதன் மேல் பாசம் எல்லாம் கிடையாது. அதன் பலவீனம் அவருக்குத் தெரியும். ஒரே ஆள் முதல் வருடம் ஒரு கவுண்டரில் பதிவார். சீட்டைத் தொலைத்துவிட்டு அடுத்த வருடம் வேறு கவுண்டரில் வேறு ஆளாகப் பதிவார். பெயரை வைத்துப் பிடிக்கலாம் என்றால், ஒரு பெயரை நாலு பேர் நாலு விதமாக அடித்து வைத்திருந்தார்கள். இனிஷியல் ஒருவரிடம் முன்னால் போகும், இன்னொருவரிடம் பின்னால் போகும், மூன்றாமவரிடம் ஓடியே போய்விடும். ஆகவே, எல்லாத் தகவலையும் புதியதற்கு மாற்றும் நாளில், அது கேட்ட கேள்விக்கு அவர் யோசிக்கவில்லை. ஒரே போன் நம்பரில் இருக்கும் பதிவுகளை ஒரே ஆளாகச் சேர்க்கவா என்று கேட்டது. ஆம் என்று அமுக்கினார். பெயர் மாறியிருந்தால் ஒவ்வொன்றாக உங்களைக் கேட்கவா என்றது. வேண்டாம் என்று அமுக்கினார். பெயர் பொய் சொல்லும், நம்பர் பொய் சொல்லாது என்பது அவர் கட்சி.

கழுதை தேய்ந்து கட்டெறும்பான கணக்காக நோயாளிகளின் எண்ணிக்கை மளமளவென்று குறைந்தது. அவருக்கு அதில் ஒரே பெருமை. இரண்டொரு கணவன் மனைவி ஒரே போனை வைத்திருந்த பாவத்துக்கு ஒரே ஆளாகிப் போயிருந்தார்கள். அவர்கள் கவுண்டருக்கு வந்து சண்டை போட்டபோது, பழையதைத் திறந்து பார்த்துக் கையாலேயே பிரித்துவிட்டார். அதைச் சின்ன விஷயம் என்று நினைத்தார். வெள்ளிக்கிழமை வரைக்கும் பழையதைப் பார்க்க மட்டும் முடியும். அப்புறம் அடியோடு அழித்துவிட வேண்டும். நோயாளி விவரம் இரண்டு இடத்தில் கிடக்கக் கூடாது என்பது ஆஸ்பத்திரிச் சட்டம்.

புதன்கிழமை சாயங்காலம் வீட்டில் மூன்று பேரும் சாப்பிட உட்கார்ந்தார்கள். பெட்டிக்காரர், அவர் மனைவி, பத்தாவது படிக்கும் மகள். மனைவிக்கும் அதே ஆஸ்பத்திரியில்தான் வேலை, முதல் கவுண்டரில். அங்கே அவரை 'சார்' என்பாள், வீட்டில் 'என்னங்க'. இரண்டையும் ஒரே மாதிரிச் சலிப்போடு சொல்லத் தெரிந்தவள்.

தட்டுக்குப் பக்கத்தில் அவள் போன் கவிழ்ந்து கிடந்தது. வழக்கமாக அது சாப்பாட்டு நேரம் பார்த்துத்தான் அலறும். அவள் எழுந்து, துணி காயப்போடும் பின்பக்க பால்கனிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு பேசிவிட்டு வருவாள். அவளுக்கு நாலு அக்காமார். நாலு அக்கா உள்ளவளைக் கட்டியவன் போன் சத்தத்துக்குப் பயந்தால் ஆகுமா என்று பெட்டிக்காரர் எப்போதோ மனதைத் தேற்றிக்கொண்டிருந்தார்.

"என்ன, உன் போனுக்கு உடம்பு சரியில்லையா?" என்றார்.

"திங்கட்கிழமையிலேருந்து ஒரு போன் வரலை."

"நல்லதாப் போச்சு. அக்காங்க நாலு பேருக்கும் ஒரே நேரத்துல சண்டையா?"

அவள் சிரிக்கவில்லை. "நேத்து ஆஸ்பத்திரிக்கு ஒரு கண்ணு வந்துச்சாமே?"

இறந்தவர் ஒருவர் தானம் செய்த கருவிழி அது. "வந்துச்சு. நேத்தே வெச்சும் முடிச்சுட்டாங்க. காத்திருக்கிறவங்க வரிசையில யார் முதல்லன்னு புதுசு ஒரு நொடியில எடுத்துக் குடுத்துச்சு. பழசா இருந்தா அரை மணி நேரம் முக்கி முனகும்."

"யாருக்கு வெச்சாங்க?"

"யாரோ ஒரு டிரைவருக்கு."

"வரிசையில முதல் ஆளு, சலவைக் கடைக்குப் பின்னால சட்டைக்குப் பொத்தான் தைக்கிற பொத்தான்காரம்மா. டிரைவர் இல்ல." அவள் கரண்டியைக் கீழே வைத்தாள். "அவங்களுக்குன்னு கண்ணு வந்தா எனக்குத்தான் போன் வரணும்."

"உனக்கு எதுக்கு வரணும்?"

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்டது அப்போதுதான். போனே இல்லாத ஜனங்கள் இன்னும் இருக்கிறார்கள். பழையதில் நம்பர் போடாமல் அடுத்த கட்டத்துக்கு நகர முடியாது. அந்தப் பூட்டைப் போட்டவரே பெட்டிக்காரர்தான். நம்பர் இல்லாமல் ஆளை எப்படிக் கூப்பிடுவது என்று பெருமையாகப் போட்டார். மற்ற கவுண்டர்களில், போன் இல்லை என்று கையை விரிக்கிறவர்களுக்கு வரிசையாக ஒன்பது ஒன்பதாக அடித்து ஆளை அனுப்பிவிட்டார்கள். அப்புறம் ஆஸ்பத்திரி அவர்களைக் கூப்பிட நினைத்தால் கூப்பிட முடியாது. முதல் கவுண்டர்காரிக்கு மனது கேட்கவில்லை. தன் நம்பரைப் போட்டாள். ஆபரேஷன் தேதி, கண்ணாடி தயார், மறுபடி வரச்சொல்லு என்று எது வந்தாலும் அவளுக்கு வரும். அவள் சலவைக் கடைக்கு, பூட்டு ரிப்பேர்காரருக்கு, பஸ் கண்டக்டருக்குச் சொல்லி, அவர்கள் வழியாக ஆளுக்குச் செய்தி போய்ச் சேரும். அக்காமார் நாலு பேரும் மாதத்துக்கு ஒரு தடவை கூப்பிட்டால் அதிகம்.

பெட்டிக்காரர் கையைக் கழுவிக்கொண்டு வந்து லேப்டாப்பைத் திறந்தார். மனைவியின் நம்பரைப் போட்டார். ஒரே ஒரு நோயாளி வந்தார். முதன்முதலில் அந்த நம்பரில் பதிந்த ஏதோ ஒரு பெரியவரின் பெயர். கீழே போகப் போகப் பட்டியல் முடியவே இல்லை. வலது கண் ஆபரேஷன், இடது கண் ஆபரேஷன், மறுபடி வலது, மறுபடி வலது. கைக்குழந்தையாக ஒரு தடவை கண்ணில் நீர் வடிந்திருக்கிறது. கர்ப்பமாக ஒரு தடவை வந்திருக்கிறார். கருவிழிக்காகக் காத்திருப்பதாக ஓரிடத்தில் இருந்தது. அதற்கு மேலேயே, போன வாரம் யாருக்கோ நடந்த சிகிச்சையின் பேரில், எல்லாம் முடிந்தது என்று பச்சை நிறத்தில் இருந்தது. புதியது அந்தப் பச்சையைத்தான் நம்பியது. எல்லாம் முடிந்த ஆளுக்கு எதற்கு வரிசை?

மகள் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள். "அப்பா, இவருக்கு மொத்தம் எத்தனை கண்ணு?"

பெட்டிக்காரர் ஒன்பது ஒன்பதாக நம்பர் விழுந்தவர்களைத் தேடிப் பார்த்தார். அவர்கள் அத்தனை பேரும் பத்திரமாகத் தனித்தனியாக இருந்தார்கள். அது போலி நம்பர் என்று புதியதற்குத் தெரியும். கண்டுபிடித்து ஒதுக்கி வைத்திருந்தது. போலி அடித்தவனிடம் பதிந்தவர்கள் பிழைத்தார்கள், நிஜ நம்பர் கொடுத்தவளை நம்பியவர்கள் கரைந்து போனார்கள்.

தப்பு தன் பக்கம் என்றால் பெட்டிக்காரருக்குக் கோபமாகத்தான் வரும். "ஊழியர் யாரும் சொந்த நம்பரை நோயாளி பேர்ல போடக்கூடாதுன்னு சட்டம் இருக்கா இல்லையா? இப்படித் தன் நம்பரைப் போட்ட அந்தக் கம்பவுண்டரை எதுக்கு வேலையை விட்டு அனுப்பினாங்க?"

"அவன் ஆளுங்களைத் தனியார் ஆஸ்பத்திரிக்குத் திருப்பிவிட்டான். நான் நம்ம ஆஸ்பத்திரிக்குத் திருப்பிவிட்டேன்."

"சட்டத்துக்கு அது தெரியுமா? என்கிட்டயாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னா நீங்க அந்தக் கட்டத்துக்கு இன்னொரு பூட்டு போட்டிருப்பீங்க."

அது உண்மை. உண்மை என்பதால் கோபம் இன்னும் ஏறியது. மகள் புத்தகத்தை எடுத்துக்கொண்டு நைசாக உள்ளே போய்விட்டாள்.

பாத்திரம் கழுவும்போது அவர் பக்கத்தில் நின்று துடைத்துக் கொடுத்தார். சண்டை போட்ட நாட்களில் அவர் துடைத்துக் கொடுப்பார், அது அந்த வீட்டு வழக்கம். இத்தனை பேரை வெள்ளிக்கிழமைக்குள் கையால் பிரிப்பது நடக்காத காரியம். பழையதை இன்னும் சில வாரம் வைத்திருக்க வேண்டும். அதற்குப் பெரிய டாக்டரின் கையெழுத்து வேண்டும். கையெழுத்து வேண்டுமென்றால் காரணம் சொல்ல வேண்டும். காரணத்தில் மனைவியின் நம்பர் இருக்கிறது.

"வெள்ளிக்கிழமை போயிட்டா யாருக்கும் தெரியாது" என்றார் மெதுவாக. "அவங்கவங்க மறுபடி வருவாங்க. புதுசாப் பதிஞ்சுக்குவாங்க."

"பதிஞ்சுக்கலாம். பொத்தான்காரம்மாவும் பதிஞ்சுக்கலாம். வரிசையில கடைசியாப் போய் நிக்கணும், அவ்வளவுதானே?" அவள் குழாயை மூடினாள். "நான் அவங்களுக்கு என்னன்னு சொல்லி அனுப்பட்டும்? அதை மட்டும் சொல்லுங்க."

அவர் துடைத்த தட்டையே மறுபடி துடைத்தார்.

வியாழக்கிழமை காலையில் பெரிய டாக்டரின் அறைக்குப் போனார். ஆஸ்பத்திரிக்கே தலைவியான அந்த அம்மாள் மேஜை மேல் ஒரு பிளாஸ்டிக் கண்ணைக் கழற்றி வைத்து, திரும்ப மாட்டத் தெரியாமல் திணறிக்கொண்டிருந்தார். மாணவர்களுக்குக் காட்டுகிற கண். பெட்டிக்காரர் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். தான் ஆம் என்று அமுக்கியதைச் சொன்னார். வேண்டாம் என்று அமுக்கியதையும் சொன்னார். நேற்று முன்தினம் வந்த கண் தவறான ஆளுக்குப் போனதைச் சொன்னபோது டாக்டரின் கை நின்றது.

"யாரோட நம்பர் அது?"

"ஊழியர் ஒருத்தரோடதுங்க."

"அதான் யாருன்னு கேக்கறேன்."

வழியெல்லாம் ஒத்திகை பார்த்து, வீரமாகப் படியேறி வந்த மனிதர் தரையைப் பார்த்தார். டாக்டர் அவர் கொண்டுவந்த தாளைத் திருப்பி, நம்பரைப் பார்த்து, மேஜைப் போனில் அடித்தார். ஸ்பீக்கரில் மணி போவது கேட்டது. கீழே முதல் கவுண்டரின் சந்தடியோடு எடுத்தாள்.

"சொல்லுங்க, யாருக்குச் சொல்லணும்?"

பெட்டிக்காரர் அந்தக் குரலைக் கேட்டதே இல்லை. வீட்டுச் சலிப்பும் அதில் இல்லை, ஆஸ்பத்திரிச் சலிப்பும் இல்லை. இத்தனை வருடமாக அது பால்கனிக் கதவுக்கு அந்தப் பக்கம் இருந்திருக்கிறது.

"ஹலோ? பேரை மட்டும் சொல்லுங்க போதும், நான் ஆளைப் பிடிச்சுச் சொல்லிடுவேன்" என்றாள் அவள்.

"மேல வாம்மா" என்று சொல்லி டாக்டர் வைத்தார்.

"என் மனைவிங்க அது" என்றார் பெட்டிக்காரர்.

"தெரியுது. குரல் எனக்கும் பழக்கம்தான்."

அவள் வந்தாள். தவறு என்றாள், மறுபடி அப்படி நேர்ந்தாலும் அதைத்தான் செய்வேன் என்றும் சொன்னாள். இரண்டாவதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம். டாக்டர் அவளுக்கு ஒரு மெமோ கொடுத்து, மூன்று மாதம் கவுண்டரிலிருந்து எடுத்து ரெக்கார்டு அறைக்கு மாற்றினார். தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று. எல்லோரையும் பிரித்து முடிக்கும்வரை பழையதை அழிக்கக் கூடாது என்று கையெழுத்துப் போட்டார். போன் இல்லாதவர்களுக்காக ஆஸ்பத்திரி பெயரில் ஒரு பொது நம்பர் வாங்கச் சொன்னார். அப்படி ஒன்றைப் பொது நம்பர் என்று குறித்து வைக்கப் புதிய பதிப்பிலேயே ஒரு கட்டம் இருந்தது. தேடிப் பார்க்கத்தான் ஆளில்லை.

"அந்தப் போனை யார் வெச்சிருப்பா?" என்று பெட்டிக்காரர் கேட்டார்.

"நம்பர் இல்லாம நகரக் கூடாதுன்னு பூட்டு போட்டது யாரு?"

"நான்தாங்க."

"அப்ப நீங்களே வெச்சுக்குங்க. பொத்தான்காரம்மாகிட்ட யார் போய்ச் சொல்றதுன்னு நான் தனியாச் சொல்லணுமா?"

சலவைக் கடைக்குப் பின்னால் இருந்தது அந்த அறை. கட்டிலில் சட்டைகள் மலைபோல் கிடந்தன. ஜன்னலை ஒட்டி உட்கார்ந்து ஒரு அம்மாள் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தார். ஐம்பது வயது இருக்கும். இடது கண்ணில் வெள்ளை முழுக்கப் படர்ந்திருந்தது, வலது கண்ணிலும் ஓரத்திலிருந்து ஏறிக்கொண்டிருந்தது. பொத்தானின் ஓட்டையை விரல் நுனியால் தடவி ஊசியை விட்டார். நூலின் நிறம் மட்டும் தெரியாது, அதைப் பக்கத்து வீட்டுப் பெண் பிரித்து வைத்துவிட்டுப் போவாளாம்.

பெட்டிக்காரர் உட்காரவில்லை. தான் யார் என்று சொன்னார். "உங்களுக்குன்னு ஒரு கண்ணு வந்துச்சும்மா. நான் செஞ்ச தப்பால அது வேற ஒருத்தருக்குப் போயிடுச்சு."

ஊசி நின்றது. "என்னைக்கு வந்துச்சு?"

"செவ்வாய்க்கிழமை."

"செவ்வாய்க்கிழமை நான் இங்கேயேதான் இருந்தேன்" என்றார் அந்த அம்மாள். "எங்கேயும் போகலை."

அவர் எங்கேயாவது போயிருந்தால், பதிலுக்குச் சொல்ல ஏதாவது இருந்திருக்கும். பெட்டிக்காரருக்கு அந்த இடத்தில் அழுகை வந்துவிடும்போல் இருந்தது. அழுவதற்குத் தனக்கு என்ன உரிமை என்று அடக்கிக்கொண்டார்.

"வெச்சவருக்குப் பார்வை வந்துச்சா?"

"வந்துடும்னு சொல்றாங்க."

"சரி." கொஞ்ச நேரம் பொத்தான்களை டப்பாவில் அளைந்துகொண்டிருந்தார். "மன்னிச்சுட்டேன்னு நான் சொல்லணும்னு எதிர்பார்த்து வந்தீங்களா? எனக்கு இப்ப வயிறு எரியுது. சொல்ல வராது."

"வேணாம்மா. நீங்க வரிசையில மறுபடி முதல்ல இருக்கீங்க. அதைச் சொல்லத்தான் வந்தேன்."

"அடுத்தது வந்தா யார் சொல்வாங்க? அந்த அக்கா நம்பரை எடுத்துட்டீங்களாமே, சலவைக் கடையில சொன்னாங்க."

"நானே வந்து சொல்றேன்."

பொத்தான்காரம்மா நம்பியதாகத் தெரியவில்லை. நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு அடுத்த சட்டையை எடுத்தார்.

பிரிக்கும் வேலை வாரக்கணக்கில் இழுத்தது. பெயரைப் பார்த்து, வயதைப் பார்த்து, எந்தக் கண் என்று பார்த்து ஒவ்வொருவராக வெளியே இழுத்தார்கள். ரெக்கார்டு அறையிலிருந்து மனைவியும் வந்து உட்கார்ந்தாள். பாதிப் பேரை அவளுக்கே ஞாபகம் இல்லை. இரண்டு பேரை அவளே மாற்றிச் சொன்னதில், ஒரு கிழவருக்கு ஒரு நாள் முழுக்கக் கர்ப்பம் இருந்தது. சிலரை யார் என்று கடைசிவரை கண்டுபிடிக்க முடியவில்லை. கண்டுபிடித்தவரைக்கும் சரி என்று டாக்டர் சொன்னபிறகு பழையதை அழித்தார்கள். அமுக்குவதற்கு முன் புதியது வழக்கம்போல் ஒரு கேள்வி கேட்டது. பெட்டிக்காரர் அதை இரண்டு தடவை படித்தார்.

ஆஸ்பத்திரிப் போன் அவர் சட்டைப்பையில் ஏறியது. அதுவும் சாப்பாட்டு நேரம் பார்த்துத்தான் அடித்தது. முதலில் ஹலோ என்று எடுத்துப் பார்த்தார். எதிர்ப்பக்கம் தயங்கிவிட்டுத் தவறான நம்பர் என்று வைத்துவிட்டார்கள். அப்புறம் வழிக்கு வந்தார்.

வெயில் காலம் போய் மழை பிடித்திருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். முதல் கவளத்தை எடுத்தபோது மணி அடித்தது. இடது கையால் எடுத்தார்.

"சொல்லுங்க, யாருக்குச் சொல்லணும்?"

மகள் அம்மாவைப் பார்த்துக் கண்ணடித்தாள். அவர் கேட்டுக்கொண்டே எழுந்தார். பெயரை ஒருமுறை திரும்பச் சொல்லச் சொல்லி, பதிவில் அந்தப் பெயர்தானா, அந்த வயதுதானா, இடது கண்தானா என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டார். கையைக் கழுவினாரா என்பது சந்தேகம். மனைவி அவர் தட்டின் மேல் இன்னொரு தட்டைக் கவிழ்த்து மூடினாள், குடையை எடுத்து வாசலில் வைத்தாள்.

சலவைக் கடை ஞாயிற்றுக்கிழமை மூடியிருந்தது. பக்கவாட்டுச் சந்தில் குடை பிடித்தும் பாதி நனைந்தபடி போய்க் கதவைத் தட்டினார்.

"யாரு?"

"ஆஸ்பத்திரிப் பெட்டிக்காரன்மா. கிளம்புங்க."

உள்ளே டப்பா ஒன்று விழுந்து பொத்தான்கள் உருளும் சத்தம் கேட்டது. கதவு திறந்தது. ஒரு கையில் பாதி தைத்த சட்டை, இன்னொரு கை நிலைப்படியைப் பிடித்திருந்தது. அந்த அம்மாள் வெளியே வரவில்லை.

"எனக்குத்தானா? சரியாப் பார்த்தீங்களா?"

"பார்த்தேன்மா. நம்பரைப் பார்க்கலை. பேரைப் பார்த்தேன்."

பொத்தான்காரம்மா ஊசியைச் சட்டைக் காலரில் குத்தி உள்ளே கட்டில் மேல் போட்டுவிட்டு, குடைக்குள் வந்தார்.